வழி விடாத ஐந்து பேர்

1960 நவம்பர் 8, செவ்வாய்

மழை விட்டது. காலையில் பேர் கூப்பிட்டு வேலை பிரிக்கிற பெரட்டுக்களத்தில், மேட்டுப் பக்கம், கூடைப்பந்துக்கான இரண்டாவது கம்பத்தையும் இன்று நட்டாயிற்று. ஒரு கம்பத்தை வைத்துக்கொண்டு ஆடுவது அரை ஆட்டம் என்று எத்தனை நாளாய்ச் சொல்லி வந்தேன். தேயிலை ஸ்டோரில் இலை உருட்டுகிற ரோலர் ஓட்டுகிற சிவசாமி பீப்பாய்ப் பட்டி ஒன்று கொண்டுவந்தான். அதுதான் வளையம். வலை கிடையாது. பந்து உள்ளே போயிற்றா இல்லையா என்று சண்டை வரும். வரட்டும்.

மீனம்மா கொழுந்துக் கூடையோடு மேலே வந்தவள் நின்று பார்த்தாள்.

"ஏண்ணே, காலையில இந்தக் களத்துல பெரட்டு, சாயந்திரம் இந்தக் கூத்தா? அந்தக் கம்பத்துல ஒரு வாழத்தார கட்டித் தொங்கவிட்டாலும் பழுக்கும்."

என் தங்கை. அவளுடைய லயத்துக் காம்பராவில்தான், தோட்டத்து வரிசை வீட்டின் ஓர் அறையில், போன வருஷத்திலிருந்து இருக்கிறேன். ஐம்பது வயதில் தங்கை வீட்டுச் சோறு தின்கிறவன் உடனே பதில் சொல்லக் கூடாது. நாளைக்குச் சொல்வேன்.

அவள் மகன் அழகன் நன்றாக வருகிறான். தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டுகிற கை, தோள் அகலம், ஆறடி. பந்தைப் பிடித்தால் விடமாட்டான்.

நவம்பர் 9

சொன்னேன். "வாழைக்காய் பழுக்கும், நீ பழுக்க மாட்டே" என்றேன். இரவுக்கு ரொட்டி மட்டும். தொட்டுக்கொள்ளச் சம்பல் இல்லை.

நவம்பர் 20, ஞாயிறு

தோட்டத்து உதவி மானேஜர் சின்னதுரை களத்துக்கு வந்தார். கொழும்பில் பெரிய கல்லூரியில் படித்தவர், சிங்களவர், இருபத்தைந்து வயது இருக்கும். கல்லூரி அணியில் ஆடியவராம். கந்தோர் உத்தியோகக்காரர்களை வைத்துக்கொண்டு பங்களாப் பக்கம் ஆடுகிறார்: பெரியகிளாக்கர் கணேசமூர்த்தி, மருந்து கொடுக்கிற டிஸ்பென்சர், ஸ்டோர் டீமேக்கர், இன்னும் ஓர் ஆள். வருகிற ஏப்ரலில் நுவரெலியாவில் தோட்டங்களுக்கிடையே கூடைப்பந்துப் போட்டி நடக்கப்போகிறது. ஒரு தோட்டத்துக்கு ஓர் அணி.

என்னைப் பார்த்து, "ஏ, நீதானே பழைய பிளேயர்? ஒன் ஆளுங்க ஆடுறது எப்படி?" என்றார்.

துரைமார் தமிழ். நீ, வா, போ மூன்றும்தான் அதில் உண்டு. நான் சிங்களத்தில் பதில் சொன்னேன். நன்றாகவே சொன்னேன். எங்கள் ஆட்களோடு ஆடிப் பாருங்கள், ஜெயிக்கிறவர்கள் நுவரெலியாவுக்குப் போகட்டும் என்றேன். பெரியகிளாக்கர் சிரித்தார். சின்னதுரை சிரிக்கவில்லை, யோசித்தார். ஆட்டம் பிடித்த மனிதர், அதை நான் மறுக்கவில்லை. பொங்கலுக்கு மறுநாள் ஆடலாம் என்றார்.

டிசம்பர் 3

ஏன் இந்த வயதில் இந்தப் பிடிவாதம் என்று துரைராசா மாஸ்டர் கேட்டார். தோட்டப் பள்ளிக்கூடத்து வாத்தியார், யாழ்ப்பாணம். ஆட்ட விதிகளைப் புத்தகத்தில் படித்து வைத்திருக்கிறார், ஆகவே அவர்தான் நடுவர். அவரிடம் சொல்லாததை இங்கே எழுதுகிறேன்.

யுத்த காலத்தில் கொழும்பில் சிப்பாய்கள் முகாமில் பாத்திரம் கழுவினேன். அவர்கள் மாலையில் ஆடுவதைப் பார்த்துப் பார்த்துக் கற்றேன். ஒருவனும் சொல்லித் தரவில்லை. எழுத்தும் அப்படித்தான், கடைப் பலகைகளில் எழுதியிருந்த பெயர்களைப் பார்த்து. பிறகு துறைமுகக் கம்பெனி ஒன்று என்னைக் கண்டுபிடித்தது. வேலை களஞ்சியக் காவலன், சம்பளம் பந்துக்கு. அந்தக் காலத்தில் என்னை மறித்து ஆட இரண்டு பேரை விடுவார்கள்.

ஐம்பதாம் ஆண்டு அணி மெட்ராசுக்குப் போனது. பாஸ்போட்டுக்குப் போனால், எந்த நாடு என்று கேட்டார்கள். அக்கரப்பத்தனை என்றேன். அதை எழுதிக்கொள்ளவில்லை. தோட்டத்துத் தமிழருக்கு அதற்கு முன்பே குடியுரிமை போய்விட்டது. கோட்டை ஸ்டேசனில் அணியின் பைகளை ரயிலில் ஏற்றிவிட்டுத் திரும்பி வந்தேன்.

முழங்கால் போன பிறகு ஆட்டக்காரர்களைப் பழக்கினேன். அப்போதும் பெயர் காவலன்தான். ஆட்ட நாளில் கோட்டுப் போட்ட கந்தோர் ஐயா ஒருவர் வந்து பெஞ்சில் உட்காருவார். நான் தண்ணீர் வாளியோடு பின்னால் நிற்பேன். ஜெயித்தால் அவரை நடுவில் வைத்துப் படம் எடுப்பார்கள்.

ஒரு தடவை அந்தப் பெஞ்சில் நான் உட்கார வேண்டும். என் ஆட்களை வைத்துக்கொண்டு, ஊரெல்லாம் பார்க்க, நுவரெலியாவில். அவ்வளவுதான். இது பேராசையா?

1961 ஜனவரி 15, ஞாயிறு

தோற்றோம். நாற்பத்தொன்றுக்குப் பன்னிரண்டு.

லயத்துச் சனமெல்லாம் பொங்கல் சேலையோடு வந்து உட்கார்ந்திருந்தது. நம் ஆட்களுக்கு ஆடத் தெரியாது என்று பேசிக்கொண்டு போனார்கள். தெரியும். நான் சொல்கிறேன், தெரியும். பெரியகிளாக்கர் பந்தோடு வந்தபோதெல்லாம் அழகன் பிடுங்கினான். டிஸ்பென்சர் ஒரு கூடைகூடப் போடவில்லை. அவர்களுக்கு விழுந்ததெல்லாம் சின்னதுரையின் கையால் விழுந்தது.

முதலில் எனக்குப் பிடிபடவில்லை. பிறகு பந்தைப் பார்ப்பதை விட்டுவிட்டுக் கால்களைப் பார்த்தேன். சின்னதுரை பந்தைத் தட்டிக்கொண்டு வருகிறார். அழகன் நேரே நிற்கிறான். கிட்டே வந்ததும் அவன் கால் இரண்டும் தாமாகப் பக்கத்துக்குப் போகின்றன. தலை குனிகிறது. கை தோளுக்குப் போகிறது, அங்கே இல்லாத துண்டை எடுக்க. அவனுக்குப் பின்னால் சிவசாமியும் அப்படியே. அடுத்தவனும் அப்படியே. கூடை வரைக்கும் ராஜபாட்டை.

நடுவில் ஒரு தரம் சின்னதுரை சறுக்கி விழுந்தார். எங்கள் ஐந்து பேரும் ஓடிப்போய் அவரைத் தூக்கி மண்ணைத் தட்டிவிட்டார்கள். பெரியகிளாக்கர் பந்தை எடுத்துக்கொண்டு, கோயிலுக்குப் போகிறவர் மாதிரி நடந்துபோய்க் கூடையில் போட்டார்.

பெஞ்சில் உட்கார்ந்து என்ன? எனக்கு எழுந்திருக்கக்கூட முடியவில்லை.

ஜனவரி 16

கேட்டேன். ஒருவனும் ஒத்துக்கொள்ளவில்லை. "வழி விட்டேனா? நானா?" என்கிறான் அழகன். பொய் சொல்லவில்லை, அவனுக்கே தெரியவில்லை. அதுதான் மோசம்.

இராமையா மட்டும் ஒத்துக்கொண்டார். சில்லறை வேலைக் கூட்டத்தில் வேலை செய்கிறவர், நாற்பது தாண்டியவர், மாற்று ஆள். "தொரைக்கு வழி விடாம எப்புடிங்க நிக்கிறது? மரியாத இல்லியா?" என்றார்.

கூடைக்கு அடியில் என்னய்யா மரியாதை என்று கத்திவிட்டேன். இரண்டு நாளைக்கு ஆட்டப் பழக்கம் இல்லை என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன்.

ஜனவரி 19

காலையில் மலைக்குப் போகிற ரோட்டில் நின்று பார்த்தேன். சின்னதுரை நாயோடு நடந்து வந்தார். ஆட்கள் ரோட்டை விட்டு, ஓரத்தில் தண்ணீர் ஓடுகிற கானுக்குள் இறங்கினார்கள். ஆண்கள் துண்டை எடுத்தார்கள், பெண்கள் தலையில் போர்த்திய சாக்கை எடுத்தார்கள். துரை போய், நாயும் போன பிறகு மேலே ஏறினார்கள். யாரும் யாருக்கும் சொல்லவில்லை. பேச்சுக்கூட நிற்கவில்லை. மீனம்மா யாரோடோ சீனி விலையைப் பேசிக்கொண்டே இறங்கி, பேசிக்கொண்டே ஏறினாள். கான் தண்ணீர் கணுக்கால் வரைக்கும் இருந்தது.

இதை நான் பந்தை வைத்துப் பழக்க முடியாது. பழகியதைக் கழற்ற வேண்டும்.

ஜனவரி 29, ஞாயிறு

சின்னதுரையிடம் இன்னொரு ஆட்டம் கேட்டேன். உங்கள் ஆட்களுக்கும் பழக்கம் வேண்டுமே என்றேன். மார்ச் இருபத்தாறு. ஜெயித்தால் நாங்கள் போகலாம் என்ற பேச்சு அப்படியே இருக்கிறது. "இந்த தடவை கொஞ்சம் நல்லா ஆடச் சொல்லு, எனக்கு வேர்க்கவே இல்லை" என்றார்.

வேர்க்கும்.

பெப்ரவரி 12, ஞாயிறு

தலவாக்கலையில் பழைய தொப்பி ஒன்று வாங்கினேன், துரைமார் போடுகிற வெள்ளைத் தொப்பி, ஒரு பக்கம் நசுங்கினது. காக்கி அரைக்காற்சட்டையும் முழங்கால் வரைக்கும் இழுத்துப் போடுகிற மேசும் மீனம்மா எங்கேயோ தேடிக் கொடுத்தாள். எல்லாவற்றையும் சிவசாமிக்கு மாட்டினேன். காமன்கூத்தில் வருஷா வருஷம் ரதி வேஷம் கட்டுகிறவன். ரதியாக நடக்கத் தெரிந்தவனுக்குத் துரையாக நடக்கத் தெரியாதா?

கூடைக்கு முன்னால் சுண்ணாம்பில் இரண்டு பாதம் வரைந்தேன். ஒருவன் அதன்மேல் நிற்க வேண்டும். சிவசாமி பந்தோடு நேரே வருவான். பாதத்தை விட்டு அசையக் கூடாது.

சிவசாமி வந்தான். "ஏ மேன், என்னா நிக்கிறது? வேல இல்லை? அரைப் பேரு போடவா?"

அரை நாள் சம்பளத்தை வெட்டுகிற மிரட்டல், அச்சாகத் துரையேதான். களம் முழுக்கச் சிரிப்பு. அழகன் சிரித்துக்கொண்டே ஒதுங்கினான். அடுத்தவனும் சிரித்துக்கொண்டே ஒதுங்கினான். பாருங்கள்: சிவசாமி என்று தெரியும், ரதி வேஷக்காரன் என்று தெரியும், மேசில் ஓட்டை தெரிகிறது, ஆனாலும் தொப்பி கிட்டே வந்தால் கால் நகர்கிறது. அப்போதுதான் அவர்களே பார்த்தார்கள். சிரிப்பு கொஞ்சம் கொஞ்சமாக நின்றது.

இருட்டும் வரை செய்தோம். கடைசியில் அழகன் நின்றான். சிவசாமி வந்து மோதி, தொப்பி பறந்து, இருவரும் விழுந்தார்கள். அழகன் எழுந்து சுண்ணாம்புப் பாதத்தைப் பார்த்தான். அவன் கால் அதன்மேலேயே இருந்தது.

இராமையா முயற்சி செய்யவே இல்லை. "எனக்கு வேணாங்க" என்று உட்கார்ந்திருந்தார்.

பெப்ரவரி 20

மற்றவனுக்குச் சொல்கிறவன் தானும் செய்ய வேண்டும். இன்று ரோட்டின் நடுவில் நடந்தேன். சின்னதுரை எதிரே வந்தார், நாயோடு. நான் நின்றேன். அவரும் நின்றார். பின்னால் கானுக்குள் இறங்கி நின்ற கூட்டத்தில் இன்று பேச்சு நின்றுவிட்டது.

"நீ இந்தத் தோட்டத்து ஆளா? உன் பேரு செக்ரோலில் இல்லை. லயத்தில் எப்படி இருக்கிறது?" என்றார்.

செக்ரோல் வேலையாட்களின் பேரெழுத, நான் தங்கை வீட்டில் இருக்கிறேன் என்று சிங்களத்தில் சொன்னேன். நான் அசையவில்லை. அவரும் அசையவில்லை. நாய்தான் முதலில் சலித்துப்போய்ப் பக்கத்துப் படியில் இறங்கியது. கயிற்றோடு அவரும் போக வேண்டியதாயிற்று.

சாயந்திரம் மலைவேலையை மேற்பார்க்கிற கண்டாக்கையா ஆள் அனுப்பினார், கிழவனைக் கொஞ்சம் அடங்கி இருக்கச் சொல்லி. மீனம்மா சோறு போடும்போது சொன்னாள்: "நாய்கிட்ட ஜெயிச்சிட்டேன்னு ஆடாதண்ணே. காம்பரா எம்பேர்ல இருக்கு."

தெரியும். அதனால் நான் என்ன, கானில் இறங்கட்டுமா? அவள் அப்படிச் சொல்லவும் இல்லை.

மார்ச் 4

காமன்கூத்து. சிவசாமி ரதியாக அழுதான், பெண்களெல்லாம் அழுதார்கள். பழக்கத்துக்கு ஆள் வரவில்லை.

மார்ச் 25

தொப்பியைக் கம்பத்தில் மாட்டிவிட்டு வந்தேன். இனி அது வேண்டாம்.

மார்ச் 26, ஞாயிறு

ஒழுங்காக எழுதுகிறேன். அவசரப்படக் கூடாது.

முதல் கூடை எங்களுடையது, சிவசாமி போட்டான். பிறகு சின்னதுரை பந்தோடு வந்தார். அழகன் சுண்ணாம்புப் பாதத்தில் நின்றான். அவர் வேகத்தைக் குறைக்கவில்லை. ஏன் குறைப்பார், எந்த நாளும் வழி இருந்ததே. நேரே வந்து மோதினார். இருவரும் விழுந்தார்கள். ஒருவரும் ஓடிப்போய்த் துரையைத் தூக்கவில்லை. அழகன் மல்லாந்து கிடந்தபடி என்னைத்தான் பார்த்தான்.

விதி தெளிவானது. அசையாமல் நிற்கிறவன்மேல் வந்து மோதினால் பவுல் மோதினவனுக்கு. துரைராசா மாஸ்டர் ஊதினார். ஊதிவிட்டு அழகனைக் காட்டினார்.

நான் எழுந்து போனேன். மாஸ்டர், புத்தகத்தில் அப்படியா இருக்கிறது என்றேன். அவர் என்னைப் பார்க்காமல், மெதுவாகச் சொன்னார்: "அண்ணை, நான் என்னத்தைச் செய்ய? பள்ளிக்கூடம் துரையின்ர கையிலை கிடக்குது."

திரும்பி வந்து உட்கார்ந்தேன். அழகனிடம் ஒன்றுதான் சொன்னேன்: "அங்கேயே நில்லு."

நின்றான். மறுபடி மோதல், மறுபடி அழகன்மேல் பவுல். மறுபடி நின்றான். ஒவ்வொரு தடவையும் சின்னதுரைக்கு முகம் கறுத்துக்கொண்டே வந்தது. பவுல் அவருக்குச் சாதகம், ஆனால் கூடை விழவில்லை. வேர்த்தது. ஐந்தாவது பவுலோடு அழகன் வெளியே வந்தான். நெஞ்சு சிவந்திருந்தது. "மாமா, வலிக்குது, ஆனா கால் சும்மா இருக்கு" என்றான். என்னடா அர்த்தம் என்று கேட்கவில்லை. புரிந்தது.

மாற்று ஆள் இராமையா ஒருவர்தான். அனுப்பவா, நான்கு பேரோடு ஆடவா? நான் தீர்மானிக்கும் முன்பே அவர் எழுந்து, போர்த்தியிருந்த கம்பளியை மடித்துப் பெஞ்சில் வைத்தார். துண்டையும் எடுத்து அதன்மேல் வைத்தார். நேரே போய்ச் சுண்ணாம்புப் பாதத்தில் நின்றார். ஆட்டம் வேறு பக்கம் நடக்கிறது, அவர் அங்கேயே நிற்கிறார். சிவசாமி கூப்பிட்டும் வரவில்லை.

சின்னதுரை வந்தார். இராமையா கண்ணை இறுக்கி மூடிக்கொண்டார்.

மோதல். இராமையா தூரப் போய் விழுந்தார். கண்ணைத் திறக்கவில்லை. மாஸ்டர் ஊதினார். கையை உயர்த்தினார். அந்தக் கை எந்தப் பக்கமும் போகாமல் மேலேயே நின்றது. பிறகு கை இறங்கிச் சின்னதுரையைக் காட்டியது.

"மாஸ்டர்?" என்றார் சின்னதுரை.

மாஸ்டர் மறுபடியும் காட்டினார். சின்னதுரை கொஞ்ச நேரம் பந்தை வைத்துக்கொண்டு நின்றார். பிறகு இராமையாவிடம் கொடுத்தார்.

அந்தப் பவுலுக்கு இராமையா எறிந்த இரண்டும் வளையத்தில் படவே இல்லை. ஒன்று கம்பத்துக்கு அப்பால் மாரியாத்தா கோயில் பக்கம் போனது.

மூன்று புள்ளியில் தோற்றோம். நுவரெலியாவுக்கு அவர்கள் போவார்கள்.

முடிந்ததும் மாஸ்டரிடம் போனேன். நன்றி சொல்லவில்லை, ஐந்து பவுலை நான் மறக்கவில்லை. ஏன் கடைசியில் மட்டும் என்றேன். "அந்தாள் கண்ணை மூடிக்கொண்டு நிண்டவர்," என்றார். "கண்ணை மூடிக்கொண்டு நிக்கிற மனிசன் ஆரையண்ணை இடிக்கிறது?"

மார்ச் 28

கண்டாக்கையா நேரில் வந்தார். செக்ரோலில் பேர் இல்லாதவன் லயத்தில் இருக்கக் கூடாது. ஞாயிற்றுக்கிழமைக்குள் போக வேண்டும். போகாவிட்டால் மீனம்மாவுக்கும் அழகனுக்கும் பத்துச்சீட்டு. சீட்டைக் கையில் வாங்கினால் அப்புறம் வேலையும் இல்லை, காம்பராவும் இல்லை.

அழகன் கத்தியை எடுத்துக்கொண்டு வாசலுக்கு வந்தான். கவ்வாத்துக் கத்தி மரத்துக்கு, உள்ளே வை என்றேன்.

மீனம்மா அடுப்பை அணைத்தாள். பிறகு, "போனாத் திரும்பி வராமயா போயிருவே, ஒரு ஊர்லயும் ஒனக்கு ஒத்துக்காதே" என்றாள். உள்ளே போய் என் வேட்டியைத் துவைக்க எடுத்தாள்.

ஏப்ரல் 2, ஞாயிறு

பந்து ஒரு பையில், துணி ஒரு பையில். ரோட்டின் நடுவில்தான் நடந்து வந்தேன். இன்று எதிரே யாரும் வரவில்லை. அதுவும் எனக்குக் கோபம்.

வட்டகொடையில் ஸ்டேசனுக்கு எதிரே உருளைக்கிழங்கு கடை. நிறுத்துக் கொடுக்கிற வேலை, பின்னால் படுக்க இடம்.

ஏப்ரல் 23

நுவரெலியாவில் நம் கந்தோர் அணி முதல் ஆட்டத்திலேயே தோற்றதாம். சந்தோஷப்படவில்லை. கொஞ்சம் பட்டேன்.

ஆகஸ்ட் 11

மழை, மழை. உதறாத கிழங்கில் பாதி மண். முழங்கால் வலி. பந்துக்குக் காற்றடித்து வைத்தேன், சும்மா.

அழகன் மாதம் ஒரு முறை வருகிறான். பெரட்டுக்களத்துக் கம்பங்களைக் கந்தோரிலிருந்து ஆள் விட்டுப் பிடுங்கிவிட்டார்கள். லயத்து ஆட்கள் அதே கம்பத்தை மாரியாத்தா கோயில் வெளியில் நட்டுவிட்டார்களாம். கோயில் நிலத்தில் நட்டதை யார் பிடுங்குவது? பூசாரி கம்பத்துக்கு மஞ்சள் துணி வேறு கட்டியிருக்கிறார். யாருடைய யோசனை என்று கேட்டேன். "அம்மாதான். வாழத்தார் கட்டத் தோதாயிருக்கும்னாங்க."

1962 பெப்ரவரி 4, ஞாயிறு

அழகன் வந்தான். கையில் மீனம்மா கொடுத்த சீனிச்சம்பல்.

விஷயம் இது. டிஸ்பென்சர் மாற்றலாகிப் போனார். பெரியகிளாக்கருக்கு ஓடினால் மூச்சு வாங்குகிறது. டீமேக்கருக்கு இடுப்பு. சின்னதுரைக்கு ஏப்ரலுக்கு ஆள் இல்லை. அழகன், சிவசாமி, இராமையா மூவரையும் கந்தோருக்குக் கூப்பிட்டு, தோட்டத்து அணியில் சேருங்கள், காலுக்குச் சப்பாத்து தருகிறேன் என்றாராம்.

"என்ன சொன்னீங்க?"

"மாமா பெஞ்சில இருந்தா வாறோம்னோம். அந்தக் கெழவனான்னாரு. இராமையா அண்ணன்தான் பேசினாரு."

"என்னன்னு?"

"அவரு இல்லாட்டி எங்களுக்குக் கால் வராதுங்க தொரைன்னாரு. சொல்லிட்டுக் கண்ண மூடிக்கிட்டாரு, மோதுவாருன்னு நெனச்சு."

சிரித்தேன். வெகுநாளைக்குப் பிறகு. ஆனால் என்னால் உடனே வந்துவிட முடியாது என்று சொன்னேன். துரை வந்து கேட்கட்டும். என்னைப் போகச் சொன்னவர்கள் ஆள் அனுப்பிச் சொன்னார்கள். வரச் சொல்கிறவர் தானே வர வேண்டும்.

அழகன் தலையில் கை வைத்தான். "தொரை வட்டகொடைக்கு வந்து கெழங்குக் கடையில நிக்கணுமா? அம்மா சொன்னது சரிதான்."

"என்ன சொன்னா?"

"ஒங்களுக்குக் கழுத்து திரும்பாதாம்."

ரயில் வரும் வரை நிற்க வைத்துச் சுண்ணாம்பில்லாமல் பாதம் வைக்கப் பழக்கினேன். ஸ்டேசன் மேடையில் இருந்தவர்கள் வேடிக்கை பார்த்தார்கள்.

பெப்ரவரி 10

இவர்கள் எனக்காக நின்றிருக்கிறார்கள். நான் பிடிவாதத்தில் அவர்களுடைய ஆட்டத்தைக் கெடுக்கிறேனா? நுவரெலியா எனக்கா, அவர்களுக்கா?

இருவருக்கும். ஆகவே காத்திருப்பேன்.

பெப்ரவரி 18, ஞாயிறு

வந்தார்.

ரயிலில் ஏதோ பார்சல் எடுக்க வந்ததாக முதலில் பாவனை. ஸ்டேசனுக்குப் போனார், வெறுங்கையோடு திரும்பினார், கடைக்கு எதிரே ரோட்டில் நின்றார். நான் கிழங்கு நிறுத்துக்கொண்டிருந்தேன். வாங்க வந்த அம்மாவுக்குக் கொடுத்து முடித்துவிட்டுத்தான் நிமிர்ந்தேன்.

"செல்லசாமி, வர்றது?" என்றார்.

சிங்களத்தில் சொன்னேன், வருகிறேன், ஆனால் ஒரு பேச்சு. பெஞ்சில் நான் இருக்கும்போது யார் உள்ளே, யார் வெளியே என்று நான்தான் சொல்வேன். எல்லாருக்கும்.

இந்த முறை அவரும் சிங்களத்திலேயே கேட்டார்: எல்லாருக்குமா?

எல்லாருக்கும்.

பண்டாரவளைப் பக்கம் போகிற ரயில் வந்து நின்று புறப்பட்டது. அது போகும் வரை அவர் யோசித்தார். கெட்ட ஆள் இல்லை. யாரும் அவரை மறித்ததில்லை, அவ்வளவுதான். சரி என்றார். எனக்குத் தோட்டத்தில் இருக்க அனுமதியும் சொன்னார், ஏப்ரல் வரைக்கும். ஏப்ரலுக்குப் பிறகு என்று நானும் கேட்கவில்லை. காலை முதல் பஸ்ஸில் வந்து கடைசி பஸ்ஸில் திரும்புவேன் என்றேன். இருக்கச் சொன்ன இடத்தில் இருந்தால் மறுபடி போகச் சொல்வார்கள்.

மார்ச் 11, ஞாயிறு

பழக்கம் கோயில் வெளியில். பஸ்ஸை விட்டு இறங்கி ரோட்டில் வரும்போது கொழுந்து மிஞ்சியதால் ஞாயிறும் மலை ஏறுகிற கூட்டம் எதிரே வந்தது. பின்னால் சின்னதுரையின் மோட்டார் சைக்கிள். சத்தம் கேட்டுச் சிலர் கானுக்குள் இறங்கினார்கள். மீனம்மா இறங்கவில்லை. அவளோடு இன்னும் நாலைந்து பேர் இறங்கவில்லை. ரோட்டோரம் நடந்துகொண்டே இருந்தார்கள். கொழுந்து விலையோ சீனி விலையோ பேசிக்கொண்டிருந்தாள். மோட்டார் சைக்கிள் மெதுவாகி, சுற்றிக்கொண்டு போனது.

"கான் தண்ணி சில்லுன்னு இருக்குண்ணே, இந்த வயசுல ஆகாது" என்றாள். நான் ஒன்றும் கேட்காமலே.

ஏப்ரல் 21, சனி, நுவரெலியா

காலையில் பனி. பத்து மணிக்கு மேல்தான் எதிர்க்கூடை தெரிந்தது. பூக்கண்காட்சிக்கு வந்த கொழும்புச் சனமெல்லாம் வேலியோரம். மீனம்மா பொங்கல் சேலையில் முன்னால் உட்கார்ந்து கச்சான் கடலை கொறித்துக்கொண்டிருந்தாள். துரைராசா மாஸ்டர் அவளுக்குப் பக்கத்தில். இன்று அவர் நடுவர் இல்லை, ஆகவே நிம்மதியாகச் சத்தம் போட்டார்.

எங்கள் பக்கம் சின்னதுரை, அழகன், சிவசாமி, கந்தோருக்குப் புதிதாக வந்த இரண்டு பையன்கள். எதிரே ஹட்டன் பக்கத்துத் தோட்டம் ஒன்று, ஐவரும் துரைமார். அவர்களில் பெரியவன் ஒருவன் பந்தோடு நேரே வந்தான். அழகன் நின்றான். விழுந்தார்கள். இங்கே நடுவர் புத்தகத்தில் உள்ளபடி ஊதினார். அந்தத் துரை எங்கேயும் இப்படிக் கண்டதில்லை போலும், சுற்றுமுற்றும் பார்த்தான்.

முதல் பாதியில் முன்னால் இருந்தோம். இரண்டாம் பாதியில் சின்னதுரைக்குக் கூட்டத்தைப் பார்த்து ஆசை வந்துவிட்டது. பந்தை யாருக்கும் கொடுக்கவில்லை. தனியே கொண்டுபோய்த் தனியே தவறவிட்டார். இரண்டு தடவை குரல் கொடுத்தேன். சிவசாமி வெறுங்கையை விரித்துக் காட்டினான். அவர்கள் எட்டிப் பிடித்தார்கள்.

இராமையாவைப் பார்த்தேன். கம்பளியை மடித்து வைத்து எழுந்தார். நான் நடுவருக்குக் கை காட்டினேன்.

சின்னதுரை வெளியே, இராமையா உள்ளே.

களத்து நடுவில் நின்று அவர் என்னைப் பார்த்தார். நானும் பார்த்தேன். இராமையா அவருக்கு எதிரே போய் நின்று, இந்த முறை கண்ணை மூடாமல், காத்திருந்தார். சின்னதுரை பந்தை அவர் கையில் கொடுத்துவிட்டு வந்தார்.

பெஞ்சு சின்னது. நான் நடுவில் உட்கார்ந்திருந்தேன். ஒரு பக்கம் பந்துப் பை, மறு பக்கம் இராமையாவின் கம்பளி. சின்னதுரை வந்து எனக்கு முன்னால் நின்றார். நான் ஆட்டத்தைப் பார்க்க வேண்டியிருந்தது. கொஞ்சம் தலையைச் சாய்த்துப் பார்த்தேன், நகரவில்லை.

நின்றார். பிறகு கம்பளியை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, ஓரத்தில் உட்கார்ந்தார்.